பார்க்கிங், கார் பார்க், கேரேஜ், டிரைவ்வே: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

நாகர்கோவிலில் சாயங்கால நேரம் ஸ்போக்கன் இங்கிலீஷ் வகுப்பு எடுக்கிறேன். வருகிறவர்களில் பாதிப் பேர் வெளிநாடு போகிறவர்கள். இங்கிலாந்துக்கு நர்ஸ் வேலைக்கு, வளைகுடாவுக்கு டிரைவர் வேலைக்கு, அமெரிக்காவில் இருக்கும் மகளுக்குப் பேறுகாலம் பார்க்க என்று ஆளுக்கொரு காரணம். மீதிப் பேர் கன்னியாகுமரியில் டாக்சி ஓட்டுகிறவர்களும் லாட்ஜில் வேலை பார்க்கிறவர்களும். இவர்கள் எல்லோரும் வண்டியை நிறுத்துகிற இடத்தைப் பற்றிய சொற்களில் திரும்பத் திரும்ப ஒரே சந்தேகங்களைக் கேட்கிறார்கள். ஒவ்வொரு தடவையும் வாயால் சொல்வதைவிட ஒரே இடத்தில் எழுதிவைத்தால் தேவைப்படுகிறவர்கள் எடுத்துக்கொள்ளலாம் என்றுதான் இது.

எல்லாவற்றுக்கும் "பார்க்கிங்" என்று சொன்னால் போதாதா?

தமிழில் போதும். "பார்க்கிங் எங்க இருக்கு?" என்றால் இடம், "பார்க்கிங் எவ்வளவு?" என்றால் காசு, "பார்க்கிங் போட்டாச்சா?" என்றால் நிறுத்துகிற வேலை. ஒரு சொல் மூன்று வேலை பார்க்கிறது, யாருக்கும் குழப்பமில்லை. ஆங்கிலத்தில் அது முதலில் நிறுத்துகிற வேலையையும், பொதுவாக நிறுத்துவதற்கான வசதியையும் குறிக்கிற சொல். "இஸ் தேர் பார்க்கிங்?" என்று கேட்பது சரி. ஆனால் எண்ண முடியாது. "அவர் ஹவுஸ் ஹேஸ் டூ பார்க்கிங்ஸ்" என்று ஒருவர் வகுப்பில் சொன்னார், நம் ஊரில் யாரும் சிரிக்க மாட்டார்கள், ஆனால் இங்கிலாந்துக்காரருக்கு அது தப்பாகத்தான் கேட்கும். "டூ பார்க்கிங் ஸ்பேசஸ்" என்று சொல்ல வேண்டும்.

எந்தச் சொல்லைப் பார்த்தாலும் மூன்று விஷயத்தைக் கேட்டுக்கொள்ளுங்கள். ஒரு வண்டி நிற்கிற இடமா, பல வண்டி நிற்கிற வளாகமா? மேலே கூரை உண்டா? வண்டியை விட்டுவிட்டுப் போகலாமா, ஆளை இறக்கிவிட்டு உடனே எடுக்க வேண்டுமா? அதோடு, பேசுகிறவர் எந்த நாட்டுக்காரர் என்பதையும் பார்க்க வேண்டும். கீழே உள்ள எல்லாப் பதிலும் இதற்குள்தான் வரும்.

பார்க்கிங் லாட், கார் பார்க் இரண்டும் ஒன்றுதானா?

பெரும்பாலும் ஒன்றுதான். அமெரிக்கர் பார்க்கிங் லாட் என்பார், பிரிட்டிஷ்காரர் கார் பார்க் என்பார். லாட் என்றால் அமெரிக்க வழக்கில் நிலத்துண்டு, நம் ஊரில் பிளாட் என்று சொல்கிறோமே அது மாதிரி. அதனால் பார்க்கிங் லாட் என்றதும் அவர்கள் மனதில் வருவது திறந்தவெளி, தரைமட்டம், கோடு போட்ட ஒரு மைதானம். மாடி மாடியாக இருக்கும் கட்டடத்தை அப்படிச் சொல்ல மாட்டார்கள். பிரிட்டிஷ் கார் பார்க் அப்படியில்லை, மைதானமும் கார் பார்க்தான், ஏழு மாடிக் கட்டடமும் கார் பார்க்தான், தரைக்கு அடியில் இருப்பதும் கார் பார்க்தான்.

பத்மநாபபுரம் அரண்மனைக்குப் போகிறவர்கள் வண்டியை விடுகிற இடத்தை அமெரிக்கருக்கு பார்க்கிங் லாட் என்றும் பிரிட்டிஷ்காரருக்கு கார் பார்க் என்றும் சொல்லுங்கள். மாற்றிச் சொன்னாலும் புரிந்துகொள்வார்கள், இதற்காகப் பயப்பட வேண்டாம்.

சிங்கப்பூரில் லாட் என்றால் வேறு அர்த்தம் என்கிறார்களே?

ஆமாம், இதுதான் நம் ஆட்கள் அதிகம் தடுமாறுகிற இடம். சிங்கப்பூரிலும் மலேசியாவிலும் வளாகம் முழுவதற்கும் கார் பார்க் என்று பெயர், அதற்குள் ஒரே ஒரு வண்டி நிற்கிற கட்டத்துக்குத்தான் லாட் என்று பெயர். மார்த்தாண்டம் பக்கத்திலிருந்து வந்த ஒரு மாணவர் முன்பு அங்கே டெலிவரி வேன் ஓட்டியவர். வேலைக்குச் சேர்ந்த புதிதில் "எனி எம்ட்டி லாட்" என்று மேற்பார்வையாளர் சொல்ல, இவர் காலியாக ஒரு மைதானம் எங்கே இருக்கிறதென்று இரண்டு சுற்று சுற்றியிருக்கிறார். கண்ணெதிரே வெள்ளைக்கோடு போட்ட கட்டங்கள் காலியாகக் கிடந்திருக்கின்றன.

அங்கே சீசன் பார்க்கிங் என்று ஒன்றும் உண்டு. நமக்கு சீசன் என்றால் கார்த்திகை, மார்கழியில் ஐயப்ப பக்தர்கள் வண்டி வண்டியாகக் கன்னியாகுமரி வருகிற காலம். சிங்கப்பூரில் அது மாதச் சந்தா கட்டி வாங்குகிற பார்க்கிங் பாஸ். ரயிலுக்கு சீசன் டிக்கெட் எடுக்கிறோம் இல்லையா, அதே சீசன்தான்.

ஆஸ்திரேலியா, நியூசிலாந்தில் இதற்கு நேர்மாறு. அங்கே ஒரு வண்டி நிற்கிற இடத்தையும் கார் பார்க் என்று சொல்வதுண்டு. "ஐ காட் எ கார் பார்க்" என்றால் அவர் மைதானத்தை வாங்கிவிடவில்லை, ஒரு இடம் கிடைத்துவிட்டது என்கிறார்.

ஒரு வண்டி நிற்கிற இடத்துக்கு ஸ்பேஸ், ஸ்லாட், பே, ஸ்பாட், ஸ்டால் என்று ஐந்து சொல் கேட்கிறேன். எதைச் சொல்வது?

பார்க்கிங் ஸ்பேஸ் என்று சொல்லுங்கள், எல்லா நாட்டிலும் செல்லும். ஸ்பாட் என்பது அமெரிக்கர்களின் பேச்சு வழக்கு. பே என்பது பிரிட்டிஷ் வழக்கு, கோடு போட்டுப் பிரித்த இடம் என்ற எண்ணம் அதில் உண்டு, மாற்றுத்திறனாளிகளுக்கு ஒதுக்கியது டிசேபிள்ட் பே, சரக்கு இறக்குகிற இடம் லோடிங் பே. ஸ்டால் கனடாவிலும் அமெரிக்காவின் மேற்குப் பகுதியிலும் கேட்கலாம், நமக்கு ஸ்டால் என்றால் கடை என்பதால் முதல் தடவை திகைப்பாக இருக்கும். ஸ்லாட் நம் இந்திய ஆங்கிலத்தில் அதிகம், அடுக்குமாடிக் குடியிருப்புக்காரர்கள் எல்லோரும் சொல்வது, வெளியிலும் புரியும்.

மாடி பார்க்கிங்குக்கு என்ன பெயர்?

இதற்கு ஊருக்கு ஒரு பெயர். பிரிட்டனில் மல்டி ஸ்டோரி கார் பார்க், பேச்சில் வெறும் மல்டி ஸ்டோரி என்றே முடித்துவிடுவார்கள். இந்தியாவில் மல்டி லெவல் கார் பார்க்கிங். அமெரிக்காவில் பொதுவான பெயர் பார்க்கிங் கேரேஜ், ஆனால் கலிபோர்னியாப் பக்கம் பார்க்கிங் ஸ்ட்ரக்சர், அட்லாண்டா மாதிரித் தென்கிழக்கு ஊர்களில் பார்க்கிங் டெக், மின்னசோட்டா, விஸ்கான்சின் பக்கம் பார்க்கிங் ராம்ப். கனடாவின் மேற்கில் பார்க்கேட் என்பார்கள், தென்னாப்பிரிக்காவிலும் அந்தச் சொல் உண்டு. ராம்ப் என்றால் நமக்கு மேலே ஏறுகிற சரிவு மட்டும்தான், அதனால் மின்னசோட்டாவின் மினியாபொலிஸ் நகரத்தில் இருக்கும் மகள் "ராம்ப்பில் விட்டிருக்கிறேன்" என்று சொன்னால் சரிவில் கல் முட்டுக் கொடுத்து நிறுத்தியிருக்கிறாள் என்று நினைக்க வேண்டாம், கட்டடத்துக்குள் ஒழுங்காகத்தான் நிற்கிறது.

கேரேஜ் என்றால் ஒர்க் ஷாப் இல்லையா?

பிரிட்டனில் அந்த அர்த்தமும் உண்டு. "மை கார் இஸ் இன் த கேரேஜ்" என்று ஒரு பிரிட்டிஷ்காரர் சொன்னால் வண்டி வீட்டு ஷெட்டுக்குள் நிற்கலாம், மெக்கானிக்கிடமும் நிற்கலாம். பேச்சின் போக்கை வைத்துத்தான் கண்டுபிடிக்க வேண்டும். பெட்ரோல் பங்க்கைக் கூட கேரேஜ் என்கிற பழக்கம் அங்கே இருக்கிறது. அமெரிக்கர் சொன்னால் பெரும்பாலும் வீட்டோடு ஒட்டிய, கதவு வைத்த அறை, இல்லையென்றால் மேலே சொன்ன மாடிக் கட்டடம்.

சொல் பிரெஞ்சிலிருந்து வந்தது, பத்திரமாக ஒதுக்கி வைப்பது என்ற பொருளுள்ள காரே என்ற வினைச்சொல்லிலிருந்து. அதனால் உச்சரிப்பும் இரண்டு விதம். பிரிட்டிஷ்காரர்கள் பலர் முதல் அசையை அழுத்தி கேரிஜ் என்பார்கள், அமெரிக்கர்கள் இரண்டாவதை அழுத்தி கராஷ் என்பார்கள். நாம் சொல்கிற கேரேஜ் இரண்டு பேருக்கும் புரியும், மாற்றிக்கொள்ள வேண்டியதில்லை.

எங்கள் வீட்டில் இருப்பது கார் போர்ச். அது சரியான ஆங்கிலமா?

இந்தக் கேள்வி எனக்கு ரொம்பப் பிடித்தது, ஏனென்றால் இதில் நம் மாவட்டத்தின் வரலாறே இருக்கிறது. 1956 நவம்பர் 1 வரை நாம் திருவிதாங்கூர்-கொச்சியில் இருந்தவர்கள், கேரளத்தில் புழங்குகிற பல சொற்கள் இங்கே இயல்பாகப் புழங்கும். வீட்டு முகப்பில் இரண்டு தூண் நிறுத்தி, கான்கிரீட் தளம் போட்டு, கீழே காரை விடுகிற இடத்துக்கு விளவங்கோடு, கல்குளம் பக்கமெல்லாம் கார் போர்ச் என்பார்கள். மற்ற தமிழ்நாட்டில் அதையே போர்டிகோ என்பார்கள், நாகர்கோவிலில் இரண்டும் கேட்கலாம். தகரக் கூரை போட்டுத் தனியாக நின்றால் கார் ஷெட்.

ஆங்கிலத்தில் போர்ச் என்பது வாசல் முன்னால் உள்ள கூரை போட்ட இடம். அமெரிக்காவில் நாற்காலி போட்டு உட்கார்கிற திண்ணை மாதிரி, கார் அங்கே வராது. போர்டிகோ தூண் வைத்த முகமண்டபம், அதுவும் காருக்கு என்று பிறந்ததில்லை. நம் வீட்டில் இருப்பதற்கு அவர்கள் சொல்கிற பெயர் கார்போர்ட். கூரை உண்டு, கதவு கிடையாது, பக்கச் சுவர் முழுசாக இருக்காது. பிராங்க் லாயிட் ரைட் என்ற அமெரிக்கக் கட்டடக் கலைஞர் 1930களில் கட்டிய சிக்கன வீடுகள் வழியாக இந்தப் பெயர் பரவியது. செலவு குறைய வேண்டும், நாலு பக்கமும் அடைத்த அறை காருக்குத் தேவையில்லை என்பது அவர் எண்ணம். ஐப்பசி மழையில் கார் போர்ச்சில் நெல்லும் மிளகும் காயப்போட்டு, காரைத் தெருவில் விடுகிற நம் வீட்டுக்காரர்களுக்கு அந்தத் திறந்த கூரையின் அருமை நன்றாகவே தெரியும்.

இங்கே கார் போர்ச் என்றே சொல்லுங்கள், அது நம் சொல். வெளிநாட்டில் வீடு பார்க்கும்போது மட்டும் கார்போர்ட் என்று கேளுங்கள்.

அடுக்குமாடி வீடு வாங்கும்போது கவர்டு பார்க்கிங், ஸ்டில்ட், கேரேஜ் என்று எழுதியிருக்கிறது. வித்தியாசம் முக்கியமா?

மிக முக்கியம், இங்கே சொல் தவறினால் பணம் போகும், அதனால் நிதானமாகப் படியுங்கள். ஸ்டில்ட் என்றால் கட்டடத்தைத் தூண்கள்மேல் தூக்கி, தரைமட்டத்தை வண்டிக்காகத் திறந்து விடுவது. மேலே தளம் இருப்பதால் நிழல் உண்டு, சுற்றிச் சுவர் இல்லை. கேரேஜ் என்ற சொல்லுக்கு 2016ஆம் ஆண்டு ரியல் எஸ்டேட் ஒழுங்குமுறைச் சட்டத்தில், அதாவது ரெரா சட்டத்தில், தனி விளக்கமே இருக்கிறது: கூரையும் மூன்று பக்கம் சுவரும் இருக்க வேண்டும், திறந்தவெளி பார்க்கிங் அதில் சேராது. அதே சட்டம் திறந்தவெளி பார்க்கிங் பகுதியைப் பொதுவிடம் என்ற பட்டியலில் வைக்கிறது, அதாவது மொட்டைமாடி, பூங்கா மாதிரி எல்லோருக்கும் சேர்ந்தது.

இதற்கு முன்னால் 2010இல் மும்பைக் குடியிருப்பு ஒன்றின் வழக்கில் உச்ச நீதிமன்றம், ஸ்டில்ட் பார்க்கிங் கேரேஜ் ஆகாது, கட்டுநர் அதைத் தனிச் சொத்தாக விற்க முடியாது என்று தீர்ப்புச் சொன்னது. அது மகாராஷ்டிரச் சட்டத்தை வைத்துச் சொன்ன தீர்ப்பு, இருந்தாலும் அந்த வழக்கு முழுக்க கேரேஜ் என்ற ஒரு சொல்லின் பொருளைச் சுற்றித்தான் நடந்தது. ஆகவே ஒப்பந்தத்தில் "ஒன் கார் பார்க்கிங்" என்று மட்டும் இருந்தால் கையெழுத்துப் போடும் முன் கேளுங்கள்: திறந்ததா, கூரை உள்ளதா (கவர்டு என்பது இதுதான்), எண் ஒதுக்கியிருக்கிறதா, வரைபடத்தில் எங்கே இருக்கிறது? கூச்சப்பட வேண்டாம், வக்கீலிடம் காட்டவும் தயங்க வேண்டாம்.

இங்கிலாந்தில் வாடகை வீட்டு விளம்பரத்தில் டிரைவ்வே, ஆஃப் ஸ்ட்ரீட், பெர்மிட் என்றெல்லாம் வருகிறதே?

நர்ஸ் வேலைக்குப் போகிற பிள்ளைகள் கேட்பது. டிரைவ்வே என்றால் தெருவிலிருந்து வீடு வரை போகிற சொந்தப் பாதை, வீட்டுக்காரர் காரை அதிலேயே நிறுத்திக்கொள்வார், அது தனியார் இடம், வேறு யாரும் விடக்கூடாது. ஆஃப் ஸ்ட்ரீட் பார்க்கிங் என்றால் தெருவைத் தொடாமல் வீட்டு எல்லைக்குள் இடம் இருக்கிறது. ஆன் ஸ்ட்ரீட் என்றால் தெருவோரம்தான். பெர்மிட் ஹோல்டர்ஸ் ஒன்லி என்று பலகை இருந்தால் அனுமதிச்சீட்டு வாங்கிய குடியிருப்போர் மட்டும் நிறுத்தலாம், நீங்கள் அந்தத் தெருவிலேயே குடியிருந்தாலும் சீட்டு இல்லாவிட்டால் அபராதம் வரும். வீடு பார்க்கும்போதே "பெர்மிட் கிடைக்குமா, வருஷத்துக்கு எவ்வளவு?" என்று கேட்டுவிடுங்கள்.

பே அண்ட் டிஸ்பிளே என்றால் மெஷினில் காசு போட்டுச் சீட்டு எடுத்து, வெளியிலிருந்து தெரிகிற மாதிரி டேஷ்போர்டில் வைக்க வேண்டும். சீட்டைப் பையில் போட்டுக்கொண்டு போனால் காசு கட்டியும் பயனில்லை.

நோ பார்க்கிங், நோ ஸ்டாப்பிங், நோ வெயிட்டிங், நோ ஸ்டாண்டிங்: எல்லாம் ஒன்றா?

இல்லை. நம் ஊர்ப் பலகையிலேயே வித்தியாசம் இருக்கிறது. நீல வட்டம், சிவப்பு விளிம்பு, குறுக்கே ஒரு சிவப்புக் கோடு என்றால் நோ பார்க்கிங். இரண்டு கோடு பெருக்கல் குறி மாதிரி இருந்தால் அங்கே நிறுத்தவே கூடாது, ஆள் இறக்கவும் கூடாது. பிரிட்டனிலும் இதே படங்கள்தான், ஒரு கோட்டை நோ வெயிட்டிங் என்பார்கள், பெருக்கல் குறி போட்ட சாலைக்கு கிளியர்வே என்று பெயர். சாலையோரம் இரட்டை மஞ்சள் கோடு இருந்தால் எந்த நேரத்திலும் வெயிட்டிங் கூடாது.

நியூயார்க்கில் மூன்று படி வைத்திருக்கிறார்கள். நோ பார்க்கிங் என்றால் ஆளையோ சாமானையோ ஏற்றி இறக்க நிற்கலாம். நோ ஸ்டாண்டிங் என்றால் ஆளை மட்டும் ஏற்றி இறக்கலாம், சாமான் கூடாது. நோ ஸ்டாப்பிங் என்றால் எதுவும் கூடாது. "நான் வண்டிக்குள்ளேயே தானே உட்கார்ந்திருக்கேன்" என்ற நம் ஊர் வாதம் நோ ஸ்டாண்டிங் பலகைக்கு முன்னால் செல்லாது.

இங்கே மோட்டார் வாகனச் சட்டத்தின் 122ஆம் பிரிவு, மற்றவர்களுக்கு ஆபத்தோ இடைஞ்சலோ வரும்படி வண்டியை விட்டுச் செல்வதைத் தடுக்கிறது. வேறு தண்டனை சொல்லாத குற்றங்களுக்கான 177ஆம் பிரிவில் 2019 திருத்தத்துக்குப் பிறகு முதல் தடவை 500 ரூபாய் வரை, அடுத்த தடவை 1500 ரூபாய் வரை.

பஸ் ஸ்டாண்ட், டாக்சி ஸ்டாண்ட், சைக்கிள் ஸ்டாண்ட் என்கிறோமே?

பஸ் ஸ்டாண்ட் இந்திய ஆங்கிலம். வடசேரி பஸ் ஸ்டாண்டை வெளிநாட்டுக்காரரிடம் பஸ் ஸ்டேஷன் என்று சொல்லுங்கள். டாக்சி ஸ்டாண்ட் அமெரிக்காவில் சரி, பிரிட்டனில் டாக்சி ராங்க். ராணித்தோட்டத்தில் இருப்பது டிப்போ, அது பஸ்களை இரவில் நிறுத்தி, பழுதும் பார்க்கிற இடம், பணிமனை என்ற தமிழ்ச்சொல் அழகாகப் பொருந்துகிறது.

லே பை என்று ஒன்று உண்டு. பிரிட்டனில் நெடுஞ்சாலை ஓரம் சற்றே உள்ளே ஒதுங்கி, கொஞ்ச நேரம் வண்டியை நிறுத்துகிற இடம். ஆஸ்திரேலியாவில் அதே சொல்லுக்குத் தவணையாகக் காசு கட்டிக் கடையில் பொருளை எடுத்துவைக்கச் சொல்வது என்று அர்த்தம், காருக்கும் அதற்கும் சம்பந்தமே இல்லை.

இதற்கெல்லாம் தமிழில் சொல் கிடையாதா?

உண்டு, அதுவும் பழையது. மாட்டுவண்டிகள் வந்து அவிழ்த்துப் போட்டு நின்ற இடம் வண்டிப்பேட்டை, பல ஊர்களில் இன்றும் அந்தப் பெயரில் இடம் இருக்கிறது, கார் பார்க் என்பதற்கு அதைவிடப் பொருத்தமான சொல் எனக்குத் தெரியாது. தேர் நிற்கிற இடத்துக்கு நிலை. சுசீந்திரம் மார்கழித் தேரோட்டத்தன்று வீட்டில் இருக்கிற பாட்டி கேட்பது "தேர் நிலைக்கு வந்தாச்சா?" என்றுதான். அரசுப் பலகையில் வாகன நிறுத்துமிடம் என்று வரும், பேருந்து நிறுத்தம் என்பதிலிருந்து வேறுபடுத்த அந்த "இடம்" தேவைப்படுகிறது.

கன்னியாகுமரியில் டாக்சி ஓட்டுகிறேன். சூரிய உதயம் பார்க்க வந்த வெள்ளைக்காரரிடம் எப்படிச் சொல்வது?

அண்ணே, காலை ஐந்தரைக்குக் கடற்கரை ரோட்டில் விசில் அடித்து வண்டியை நகரச் சொல்வது உங்களுக்குத் தெரியும். இறக்கிவிடும்போது "ஐ வில் டிராப் யூ ஹியர். ஐ கான்ட் பார்க் ஹியர்" என்று சொல்லுங்கள். அவர்கள் திரும்பி வரும்போது எங்கே நிற்பீர்கள் என்பதுதான் முக்கியம். "பார்க்கிங்ல இருப்பேன்" என்றால் சீசன் நேரத்தில் நூறு வெள்ளை வேனுக்கு நடுவில் அவர்கள் எங்கே தேடுவார்கள்? "ஐ வில் வெயிட் இன் த கார் பார்க், நியர் த கேட்" என்று சொல்லி, டி.என். 74 என்று தொடங்கும் உங்கள் நம்பர் பிளேட்டை அவர்களுடைய போனில் படம் எடுத்துக்கொள்ளச் சொல்லுங்கள். ஆள் ஏற மட்டும் அங்கேயே வருவதாக இருந்தால் "ஐ வில் பிக் யூ அப் ஹியர்" போதும்.

ரசீதுப் புத்தகம் வைத்திருப்பவர் காசு கேட்டால் அதை பார்க்கிங் ஃபீ என்று சொல்லுங்கள். "பார்க்கிங் ஃபைன்" என்று சொல்லிவிடாதீர்கள், அது அபராதம், நீங்கள் தப்பு செய்துவிட்டு அவர்கள் தலையில் கட்டுவதாக நினைத்துக்கொள்வார்கள்.

கல்யாண மண்டபத்தில் வேலட் பார்க்கிங் போட்டிருக்கிறார்கள். அந்தச் சொல் எல்லா ஊரிலும் செல்லுமா?

சாவியை வாங்கிக்கொண்டு வண்டியை அவர்களே கொண்டுபோய் நிறுத்துவது வேலட் பார்க்கிங், அது எங்கும் புரியும். பிரிட்டனில் மட்டும் பார்க்கிங் என்ற சொல்லை விட்டுவிட்டு "கார் வேலட்" என்றால் வண்டியை உள்ளும் புறமும் கழுவித் துடைத்துத் தருகிற கடை. அங்கே போயிருக்கிற ஒரு மாணவி, வேலட் என்று எழுதியிருந்த இடத்தில் காரை விட்டுவிட்டு ஷாப்பிங் போய்த் திரும்பியபோது, சீட்டுக்கு அடியில் கிடந்த முறுக்குத் துகள் வரை எடுத்துச் சுத்தம் செய்து பில் போட்டு வைத்திருந்தார்களாம்.